யாழ்ப்பாணத்து மல்லிக் கோப்பி

யாழ்ப்பாணக் குடாநாட்டு வீடுகளில் கோப்பி இடிக்கும்போது கொட்டையோடு மல்லியும் வேர்க்கொம்பும் சேர்ந்தே உரலுக்குள் போகும். நற்சீரகமும் மிளகும் பெரும்பாலான வீடுகளில் சேரும். ஏலக்காய், கராம்பு எல்லாம் கைப்பழக்கத்தையும் கைக்காசையும் பொறுத்தவை. ஒவ்வொன்றையும் தனித்தனியே வறுத்து, ஒன்றாக இடித்து, அரித்து, மூடி இறுகிய பேணியில் அடைத்து வைத்தால் ஒரு வீட்டுக்குச் சில கிழமைகளுக்குப் போதும். குடிப்பதற்குக் கொதிநீர் இருந்தால் ஆயிற்று. தமிழ்நாட்டுக் காப்பிக்குரிய பித்தளை வடிகட்டியோ சிக்கரியோ இதற்கு வேண்டியதில்லை, பாலும் அவரவர் விருப்பம். மல்லி தூக்கலாக இருந்தால் மல்லிக் கோப்பி, வேர்க்கொம்பு உறைத்தால் வேர்க்கொம்புக் கோப்பி. அடைமொழி எதுவும் இல்லாமல் 'கோப்பி' என்று மட்டும் சொன்னாலும் பழைய வீடுகளில் இதையே குறிக்கும்.

இந்தத் தூளின் பாதி வரலாறு கோப்பிக்கு முந்தியது. விடிந்ததும் சூடாக ஏதாவது குடிக்கும் பழக்கம் குடாநாட்டில் அவ்வளவு பழையதில்லை. தோட்டத்துக்கோ கடலுக்கோ போகிறவர் பழஞ்சோற்றுத் தண்ணீரையோ கஞ்சியையோ குடித்துவிட்டுப் போனார். பனை சுரக்கும் காலத்தில் கருப்பநீர் இருந்தது. சூடாகக் குடித்தது மருந்துதான். சித்த மருத்துவத்தில் அதற்குக் குடிநீர் என்று பெயர்: சரக்குகளை இடித்து, தண்ணீர் விட்டு, நாலில் ஒன்றாகவோ எட்டில் ஒன்றாகவோ வற்றக் காய்ச்சி வடிப்பது. யாழ்ப்பாண அரசர்களின் பட்டப்பெயர்களைத் தாங்கிய செகராசசேகரம், பரராசசேகரம் என்னும் மருத்துவ நூல்கள் இந்த மரபின் ஏட்டு வடிவம். பரராசசேகரத்தை 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஏழாலை ஐ. பொன்னையாபிள்ளை பதிப்பித்தார். ஏடு வைத்தியர் வீட்டில் இருந்தது, அதன் எளிய பகுதி எல்லா அடுப்படிகளிலும் இருந்தது. தடிமனுக்கும் காய்ச்சலுக்கும் மல்லியும் வேர்க்கொம்பும் அவித்துக் கொடுப்பதற்கு யாரும் வைத்தியரைத் தேடிப் போகவில்லை. சிங்களக் கிராமங்களிலும் கொத்தமல்லிக் குடிநீர் இன்றுவரை முதல் மருந்தாக இருப்பதால், இது தீவு முழுவதற்கும் பொதுவான கைமருந்து என்றே கொள்ள வேண்டும்.

பிள்ளைப்பேற்று வீட்டில் இந்தச் சரக்குகளுக்கு இன்னொரு வேலை இருந்தது. மல்லி, மிளகு, நற்சீரகம், வேர்க்கொம்பு, மஞ்சள் எல்லாம் சேர்த்து இடித்த சரக்குத்தூளில்தான் பிள்ளை பெற்றவளுக்குப் பத்தியக் கறி காய்ச்சப்பட்டது. மல்லியை எந்தப் பதத்தில் வறுக்க வேண்டும், வேர்க்கொம்பை எப்படி இடித்தால் மாவாகும் என்பதெல்லாம் பெண்களின் கைக்கு ஏற்கெனவே தெரிந்தவை. கோப்பிக்கொட்டை வந்து சேர்ந்தபோது உரல், உலக்கை, அரிதட்டு, சரக்கு, அதைக் கையாளும் அறிவு எல்லாம் அங்கே தயாராக இருந்தன.

கொட்டை வந்த வழி நீண்டது. இலங்கையில் கோப்பிச் செடி ஐரோப்பியர் தோட்டம் போடுவதற்கு முன்பே இருந்தது. அராபிய வணிகர் கொண்டுவந்தது என்பது பொதுவான கருத்து. ஆனால் சிங்களக் கிராமத்தவர் அதன் பூவைக் கோயிலுக்கு எடுத்தார்கள், இலையைக் கறிக்குச் சேர்த்தார்கள், கொட்டையைப் பானமாக்கவில்லை என்று எமர்சன் ரெனன்ற் 1859இல் வெளியிட்ட நூல் குறிப்பிடுகிறது. ஒல்லாந்தர் 18ஆம் நூற்றாண்டில் தாழ்நிலத்தில் பயிரிட்டுப் பார்த்தார்கள். ஜாவாவில் கிடைத்த விளைச்சல் இங்கே கிடைக்கவில்லை. பிரித்தானியர் காலத்தில் 1820களின் நடுப்பகுதியில் ஜோர்ஜ் பேர்ட் கம்பளைக்கு அருகில் சின்னப்பிட்டியிலும், தேசாதிபதி எட்வேர்ட் பான்ஸ் கண்ணொருவையிலும் தோட்டம் திறந்தனர். 1840களில் மலைநாட்டுக் காடு ஏக்கர் கணக்கில் விழுந்தது. 1870 அளவில் ஆண்டு ஏற்றுமதி 10 இலட்சம் அந்தரைத் தாண்டியது. மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளை வரை நடந்துபோன தென்னிந்தியத் தொழிலாளரின் உழைப்பு அது. வழியில் வாந்திபேதியாலும் பட்டினியாலும் மடிந்தோர் பலர்.

அந்தச் செழிப்பு நெடுங்காலம் நிலைக்கவில்லை. 1869இல் மடுல்சீமைப் பகுதியில் கோப்பி இலைகளில் செம்மஞ்சள் பொடி படிந்தது. எமிலியா வஸ்ராற்றிக்ஸ் என்று அதே ஆண்டில் பெயரிடப்பட்ட அந்தப் பூஞ்சணத்தை ஆராய மார்ஷல் வோர்ட் 1880இல் அனுப்பப்பட்டார். நோயின் இயல்பை அவர் கண்டறிந்தார், தோட்டங்களைக் காப்பாற்ற அது உதவவில்லை. தோட்டக்காரருக்குக் கடன் கொடுத்திருந்த ஓரியன்ரல் வங்கி 1884இல் வீழ்ந்தது. ஜேம்ஸ் ரெய்லர் லூல்கந்துரத் தோட்டத்தில் 1867இல் நட்ட தேயிலை அந்த இடத்தைப் பிடித்தது. கோப்பியின் கதையைப் பொதுவாக இங்கேயே முடித்துவிடுவார்கள். ஏற்றுமதிப் பயிராக அது செத்தது உண்மை. கண்டி, மாத்தளை, கேகாலை, பதுளைப் பக்கக் கிராமங்களின் வளவுகளில் மிளகுக் கொடிக்கும் கராம்புக்கும் இடையே அது தொடர்ந்து நின்றது. நோயைத் தாங்கும் ரொபஸ்ரா இனம் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்தபின் அந்த வளவுக் கோப்பிக்கு வலுக் கூடியது. ஐரோப்பியச் சந்தை விரும்பாத கசப்பும் கனமும் ரொபஸ்ராவுக்கு உண்டு. யாழ்ப்பாணத்து உரலுக்குப் போய்ச் சேர்ந்தது இத்தகைய உள்ளூர்ச் சந்தைக் கொட்டைதான். வேர்க்கொம்பும் மிளகும் மல்லியும் சேர்ந்த கூட்டுக்குள் அமுங்கிப் போகாமல் நிற்க அந்தக் கனம் தேவையாகவும் இருந்தது.

குடாநாட்டின் தாழ்நிலமும் நீண்ட வறட்சியும் கோப்பித் தோட்டத்துக்கு ஏற்றவையாக இருக்கவில்லை. கொட்டை வெளியிலிருந்துதான் வரவேண்டியிருந்தது. அமெரிக்க மிசனரிகள் 1816இல் தெல்லிப்பழையிலும் 1817இல் வட்டுக்கோட்டையிலும் நிலையூன்றினர். அவர்களின் பள்ளிகளிலும், அவற்றுக்குப் போட்டியாக எழுந்த சைவப் பாடசாலைகளிலும் ஆங்கிலம் படித்தவர்கள் கண்டிக்கும் கொழும்புக்கும் தோட்டப் பகுதிகளுக்கும் எழுதுவினைஞராகவும் கணக்கப்பிள்ளைகளாகவும் போனார்கள். படிக்காதவர்களில் துணிந்தவர்கள் தெற்கின் பட்டினங்களில் சுருட்டுக்கடை போட்டார்கள். யாழ்ப்பாணத்துப் புகையிலை தெற்கே போன அந்த வழியால் மலைநாட்டுச் சாமான்கள் வடக்கே வந்தன. இலங்கையின் வடபகுதிப் புகையிரதப் பாதை 1905இல் முழுமையடைந்து யாழ்ப்பாணம் கொழும்போடு இணைந்த பிறகு, மலைநாட்டு மிளகும் கோப்பிக்கொட்டையும் பெரியகடைக்கும் சுன்னாகம் சந்தைக்கும் வருவது சாதாரணமாயிற்று. உத்தியோகக்காரர் லீவில் வரும்போது கொண்டுவந்த விருந்துப்பொருள் கடைச்சாமானாக மாறியது அப்போதுதான்.

கொட்டையோடு சரக்கைக் கலக்கும் எண்ணம் எங்கிருந்து வந்தது என்பதற்கு இரண்டு விளக்கங்கள் சொல்லப்படுவதுண்டு. விலை கூடிய கொட்டையை நீட்டி வைப்பதற்காகச் சேர்த்தார்கள் என்பது ஒன்று. இதில் உண்மை இருக்கிறது, ஆனால் முழு உண்மை இல்லை. மல்லியும் நற்சீரகமும் பாக்குநீரிணைக்கு அப்பாலிருந்து வந்த சாமான்கள், வேர்க்கொம்பு ஒருபோதும் மலிவாக இருந்ததில்லை. மலிவான கலப்புத்தான் வேண்டும் என்றால் குடாநாட்டில் விளையும் குரக்கனை வறுத்துப் போட்டிருக்கலாம். மற்ற விளக்கம் மருத்துவத்தைச் சார்ந்தது, வலுவானதும் அதுவே. நாட்டு வழக்கில் கோப்பி பித்தம் கூட்டும் பொருள், வெறும் வயிற்றில் குடித்தால் தலைசுற்றும், நெஞ்செரியும். மல்லியும் நற்சீரகமும் பித்தம் தணிப்பவை. வேர்க்கொம்பும் மிளகும் சளியையும் வாயுவையும் அறுப்பவை, திரிகடுகத்தின் மூன்று சரக்குகளில் இரண்டு. ஒரு புதிய பொருளை அதன் மாற்றுமருந்தோடு சேர்த்தே வீட்டுக்குள் எடுத்த ஏற்பாடு இது. கோப்பிக்கு வாசனை ஊட்டுவதற்காகச் சரக்குப் போட்டார்கள் என்று பார்ப்பதைவிட, வழக்கமான குடிநீருக்குள் கோப்பி புகுந்தது என்று பார்த்தால் இந்தக் கூட்டு நன்றாக விளங்கும்.

சரக்குச் சேர்ந்த கோப்பி யாழ்ப்பாணத்துக்கு மட்டும் உரியதும் இல்லை. யேமனில் கோப்பிப் பழத்தின் உமியை இஞ்சியோடு அவித்துக் குடிப்பது கொட்டையை வறுத்துக் குடிப்பதற்கு நிகரான பழமையுடையது. வளைகுடா அராபியர் ஏலக்காய் சேர்ப்பர், ஜாவாவில் இஞ்சி, மெக்சிக்கோவில் கறுவாப்பட்டையும் வெல்லமும். தமிழ்நாட்டுச் சுக்குக் காப்பி இதற்கு மிக நெருங்கிய உறவு. ஆயினும் அங்கே பல கடைகளிலும் வீடுகளிலும் கோப்பித்தூள் பெயருக்குச் சேர்வதும், சேராமலே விடப்படுவதும் உண்டு. சுக்கும் மல்லியும் கருப்பட்டியுமே அதன் உடல். தமிழ்நாட்டில் அன்றாடக் காப்பி வேறு பாதையில் போனது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பால் சேர்ந்த வடிகட்டிக் காப்பி நடுத்தர வர்க்கத்தின், குறிப்பாகப் பிராமண வீடுகளின், அடையாளமாக உயர்ந்ததையும் அதைச் சுற்றி எழுந்த கண்டனங்களையும் ஆ. இரா. வேங்கடாசலபதி 'அந்தக் காலத்தில் காப்பி இல்லை' என்ற நூலில் விரிவாக எழுதியிருக்கிறார். அங்கே மருந்துக் காப்பி ஒன்றாகவும் மதிப்புக் காப்பி இன்னொன்றாகவும் பிரிந்து நின்றன. யாழ்ப்பாணத்தில் இரண்டும் ஒரே பேணியில் இருந்தன.

இனிச் செய்முறை. ஒரு இறாத்தல் கொட்டைக்குக் கால் இறாத்தல் மல்லி, விரல் நீளத்தில் நாலைந்து துண்டு வேர்க்கொம்பு, மிளகும் நற்சீரகமும் ஒவ்வொரு சிறங்கை என்பது நடுத்தரமான கணக்கு. மாரிகாலத்தில் வேர்க்கொம்பு கூடும், குழந்தைகள் உள்ள வீட்டில் மிளகு குறையும், கொட்டை விலை ஏறினால் மல்லி பாதிக்குப் பாதி வரை போகும். முதல் வேலை புடைத்தல். கிராமத்துக் கொட்டையில் கல்லும் காய்ந்த தோலும் கிடக்கும். அவற்றைச் சுளகில் புடைத்து எடுத்துவிட்டு, அடி கனத்த இரும்புத் தாச்சியை அடுப்பில் ஏற்றுவார்கள். கொட்டை வறுபடக் கூடிய நேரம் எடுக்கும். பச்சை மஞ்சளாகி, மஞ்சள் கபிலமாகி, பிறகு சோளம் பொரிவது போல மெல்ல வெடிக்கத் தொடங்கும். புகை கண்ணைக் கரிக்கும். அகப்பை ஒரு நிமிடம் நின்றாலும் அடியிலுள்ளது கருகி முழுத் தாச்சிக்கும் கருகல் மணம் ஏறிவிடும். கொட்டையின் மேல் எண்ணெய் மினுங்கும்போது இறக்குவது யாழ்ப்பாணப் பதம். மற்ற நாடுகளின் கணக்கில் இது நன்றாகக் கருக்கிய வறுவல்.

இறக்கிய கொட்டையைத் தாச்சியிலேயே விடக்கூடாது. இரும்பின் சூடு வறுவலை மேலும் கொண்டுபோகும் என்பதால் உடனே சுளகில் பரப்பி ஆற விடுவார்கள். அடுத்து, தணல் குறைந்த அடுப்பில் மல்லி. மல்லியின் மணத்துக்குக் காரணமான எண்ணெய் விரைவில் ஆவியாகிவிடும். மணம் எழும்பியவுடன் இறக்க வேண்டும், நிறம் மாறும்வரை காத்திருந்தால் வெறும் உமிதான் மிஞ்சும். நற்சீரகமும் மிளகும் இறக்கிய தாச்சியின் சூட்டிலேயே வாடிவிடும். எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டி வறுக்காததற்கு இதுதான் காரணம். கொட்டை வெடிக்கும் சூட்டில் சீரகம் கரியாகிப் போகும்.

உரலில் முதலில் போவது வேர்க்கொம்பு. அதைத் தனியே நைத்து, நார் வேறு மாவு வேறாகப் பிரிந்த பிறகே கொட்டை போடுவார்கள். முழுத் துண்டாகப் போட்டால் உலக்கைக்கு வழுக்கி ஓடும். இரண்டு பேர் மாறிமாறி உலக்கை போட்டால் வேலை இலேசு. இடித்ததை அரிதட்டில் அரித்து, மேலே நிற்கும் கப்பியை மறுபடி உரலுக்குள் தள்ளி, மூன்றாம் நான்காம் முறைக்குப் பின் மிஞ்சும் வேர்க்கொம்பு நாரை எறிந்துவிடாமல் குடிநீருக்கு எடுத்து வைப்பார்கள். கோப்பி இடித்த உரலில் அன்றே அரிசிமா இடித்தால் பிட்டெல்லாம் கோப்பி மணக்கும். ஆகவே மா இடிப்பது முந்தும், கோப்பி பிந்தும். புதிதாக இடித்த தூளை ஆறிய பின்புதான் பேணியில் அடைப்பது வழக்கம். சூட்டோடு அடைத்தால் மூடிக்குள் வேர்வை பிடித்துத் தூள் கட்டிபடும்.

கோப்பி போடுவதிலும் இரண்டு வழி உண்டு. பேணிக்குள் தூளைப் போட்டு, கொதித்த கேத்தலிலிருந்து நீரை உயரத் தூக்கி ஊற்றி, மண்டி அடியில் அடையும்வரை பொறுத்துக் குடிப்பது ஒன்று. மண்டியோடு விடப்படும் கடைசி மிடறு இந்த வழிக்குரிய இழப்பு. தூளைத் தண்ணீரோடு சேர்த்து ஒரு கொதி விட்டுத் துணியில் வடிப்பது மற்றது, இதில் குடிநீரின் கை தெரியும். குடாநாட்டுக் கிணற்று நீர் சுண்ணக்கல்லுக்குள் இருந்து ஊறுவது. அதிலுள்ள சுண்ணாம்பு கோப்பியின் புளிப்பை அடக்கிவிடும். இலேசாக வறுத்த நல்ல மலைக்கோப்பி இந்த நீரில் சப்பென்று போகும், கருக வறுத்து உறைப்புச் சேர்த்த தூள் எடுபடும். தீவகத்தின் சவர்த்தண்ணீர்க் கிணறுகள் உள்ள இடங்களில் சாப்பாட்டுக்கும் குடிக்கவும் நல்ல தண்ணீரைத் தொலைவிலிருந்து எடுத்துவந்தார்கள், கோப்பிக்கும் அந்தத் தண்ணீர்தான்.

இந்தக் கோப்பையில் குடாநாட்டின் மண்ணுக்குச் சொந்தமானது என்ன என்று எண்ணிப் பார்த்தால் தண்ணீரும் பனங்கட்டியும்தான் மிஞ்சும். கொட்டையும் மிளகும் மலைநாடு, மல்லியும் சீரகமும் இந்தியா, வேர்க்கொம்பு தெற்கின் ஈரவலயம் அல்லது கேரளம். பருத்தித்துறை, வல்வெட்டித்துறை, ஊர்காவற்றுறை, காங்கேசன்துறை என்று கரையெல்லாம் துறைகளாக இருந்த ஊரில் இதில் வியப்பில்லை. பனங்கட்டி மட்டும் வேலிக்கு அப்பால் நின்ற மரத்தின் பொருள். சுண்ணாம்பு தடவிய முட்டியில் இறக்கிய கருப்பநீரைக் காய்ச்சி, பனையோலையால் பின்னிய சிறு குட்டான்களில் ஊற்றி ஆறவிட்டால் குட்டானின் வடிவத்திலேயே கட்டி பிடிக்கும். அதைக் கோப்பிக்குள் கரைப்பதில்லை. ஒரு சிறு துண்டை உடைத்துக் கையில் வைத்துக்கொண்டு, கடித்து ஒரு மிடறு, கடித்து ஒரு மிடறு என்று குடிப்பார்கள். வாயில் இனிப்பும் தொண்டையில் உறைப்புமாக இரண்டும் வேறுவேறாகத் தெரியும். சிக்கனமும் இதில் உண்டு, கரைத்தால் வேண்டியிருக்கும் அளவில் பாதி போதும்.

அன்றாடக் குடிப்புக்கு அப்பால் இதற்குச் சில தனி வேளைகள் இருந்தன. எண்ணெய் வைத்து முழுகிய நாளில் உடம்பு குளிர்ந்துவிடாமல் வேர்க்கொம்பு தூக்கலான கோப்பி கொடுக்கப்பட்டது. சிவராத்திரிக்கு விழித்திருக்கிறவர்களுக்கும், விடியவிடிய நடக்கும் கூத்துக்குப் போகிறவர்களுக்கும் இது துணை. முட்டைக் கோப்பி என்ற ஒன்று தனியே சொல்லத்தக்கது. பச்சை முட்டையைச் சீனியோடு நுரை வெளுக்கும்வரை அடித்து, அடித்துக்கொண்டிருக்கும்போதே கொதிக்கும் கோப்பியை மெல்லிய தாரையாக ஊற்றுவார்கள். ஒரேயடியாக ஊற்றினால் முட்டை அவிந்து திரிந்துவிடும். பிள்ளை பெற்றவள், பெரியபிள்ளையான சிறுமி, சோதனைக்குப் படிக்கும் பெடியன், காய்ச்சலில் இருந்து எழும்பியவர் என்று உடம்பு தேற வேண்டியவர்களுக்கு உரியது இது. முட்டையின் வெடுக்கை மறைக்க வேர்க்கொம்பும் ஏலக்காயும் கைகொடுத்தன. வெறும் கோப்பியில் அந்த வெடுக்கு அடங்குவதில்லை.

குடித்த ஏனத்துக்கும் ஒரு வரலாறு உண்டு, அது இன்பமான வரலாறு இல்லை. வசதியான வெள்ளாள வீடுகளில் விருந்தினருக்குக் கோப்பியோ தண்ணீரோ கொடுக்கும் ஏனம் மூக்குப்பேணி. வெண்கலத்திலோ பித்தளையிலோ வார்த்து, ஒரு பக்கத்தில் சிறிய மூக்கு வைத்த பேணி அது. உதடு படாமல் அண்ணாந்து ஊற்றிக் குடிக்க வசதியானது. எச்சில் படாமல் பலர் ஒரே ஏனத்தைப் பயன்படுத்தலாம் என்பது அதன் சுகாதாரம். அந்தச் சுகாதாரத்தின் மறுபக்கம் அதே வீட்டின் படலைக்கு வெளியே தெரிந்தது. தோட்டத்தில் வேலை செய்த, மரம் ஏறிய, பிணம் காவிய மக்களுக்கு மூக்குப்பேணி எடுக்கப்படவில்லை. சிரட்டையிலோ பனையோலைப் பிளாவிலோ வார்க்கப்பட்டது, குடித்து முடித்ததும் எறிந்துவிட வேண்டும். எந்தப் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு உள்ளே கோப்பி குடித்தார்களோ, அந்தப் பனங்கட்டிக்குக் கருப்பநீர் இறக்கியவருக்கும் வெளியேதான் இடம்.

தேத்தண்ணிக்கடைகள் பெருகியபோது இந்தப் பாகுபாடு கடைக்குள்ளும் வந்தது. உள்ளே வாங்கு, வெளியே நிலம், உள்ளே கிளாஸ், வெளியே சிரட்டை, தகரப் பேணி, அல்லது சோடாப் போத்தல். சிறுபான்மைத் தமிழர் மகாசபை 1950களில் தேநீர்க்கடைப் பிரவேசத்தைக் கையில் எடுத்தது. 1957இல் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம் நிறைவேறிய பின்பும் பல கடைகள் அசையவில்லை. 1966 ஒக்டோபர் 21இல் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கிப் புறப்பட்ட ஊர்வலம் தாக்கப்பட்டது, அதன் பின் தீண்டாமை ஒழிப்பு வெகுஜன இயக்கம் உருவாகியது. சங்கானை, சாவகச்சேரி, நெல்லியடிப் பக்கங்களில் கடை கடையாகப் போராட்டம் நடந்தது, உயிர்களும் போயின. கே. டானியல் 1972இல் எழுதிய 'பஞ்சமர்' நாவல் இந்தக் காலத்தின் இலக்கியப் பதிவு. யாழ்ப்பாணத்தில் ஒரு கிளாஸ் தேத்தண்ணியோ கோப்பியோ வாங்கில் இருந்து குடிப்பது சட்டத்தால் மட்டும் கிடைத்த உரிமையாக இருக்கவில்லை.

கடைகளில் விற்றது பெரும்பாலும் தேத்தண்ணிதான். 1932இல் அமைக்கப்பட்ட இலங்கைத் தேயிலைப் பிரசாரச் சபை உலகச் சந்தையோடு உள்நாட்டுச் சந்தையையும் குறிவைத்தது. ஏற்றுமதிக்குப் போகாத தூசித் தேயிலை மலிவாகக் கிடைத்தது, வறுக்கவோ இடிக்கவோ வேண்டியதுமில்லை. இரண்டு தலைமுறைக்குள் காலையும் மாலையும் தேத்தண்ணி குடாநாட்டின் வழக்கமாயிற்று. கோப்பி வீட்டுக்குள் ஒதுங்கியது, ஆனால் தாழ்ந்து போகவில்லை. வருத்தம், விருந்து, மாரிமழை என்று வேளை பார்த்துக் குடிக்கப்படும் பானமாக அதன் மதிப்பு உயரவே செய்தது. தேத்தண்ணி யாரும் யாருக்கும் போடலாம், கோப்பி போட்டால் வந்தவர் முக்கியமானவர். கடைக்குப் போகாமல் வீட்டில் தங்கியதனால்தான் சரக்குக் கூட்டும் தப்பியது. கடைக்கு வந்திருந்தால் வேகத்துக்கும் விலைக்கும் பலியாகி வெறும் தூளாகச் சுருங்கியிருக்கும்.

தட்டுப்பாட்டுக் காலங்கள் இந்த வழக்கத்தைத் தேய்த்தும் காத்தும் இருக்கின்றன. இரண்டாம் உலகப் போரில் யப்பானியர் 1942இல் மலாயாவைப் பிடித்ததோடு பல யாழ்ப்பாண வீடுகளுக்கு வந்துகொண்டிருந்த மலாயாக் காசு நின்றது. சாமான்கள் கூப்பனுக்கு மாறின, சீனி அளந்து கிடைத்தது. 1970 முதல் 1977 வரையான இறக்குமதிக் கட்டுப்பாடு மிளகாயும் வெங்காயமும் விளைவித்த குடாநாட்டுக் கமக்காரருக்குப் பொற்காலம், சங்கக்கடையில் சீனிக்கு வரிசை நின்றவர்களுக்கு அப்படியில்லை. இந்த வேளைகளிலெல்லாம் பனங்கட்டி மீண்டும் கைக்கு வந்தது. 1978இல் பனை அபிவிருத்திச் சபை அமைந்தபோது பனங்கட்டி ஓரளவு நிறுவன ஆதரவு பெற்ற பண்டமாயிற்று.

கடும் சோதனை 1990 ஜூனுக்குப் பின் வந்தது. உள்நாட்டுப் போர் மீண்டும் மூண்டு, ஆனையிறவுப் பாதை அடைபட்டு, பொருளாதாரத் தடை விதிக்கப்பட்டது. மண்ணெண்ணெய், சவர்க்காரம், சீனி என்று வீட்டுக்கு வேண்டிய பலவும் தடைப்பட்டன அல்லது எட்டாத விலைக்கு ஏறின. கிளாலிக் கடல்நீரேரியை இரவில் படகில் கடந்து வந்த மூட்டைகளில் எது வந்ததோ அதுதான் சந்தையில் இருந்தது. மலைநாட்டுக் கொட்டை அருமையானபோது பேணிக்குள் மல்லியின் பங்கு ஏறி, கோப்பி திரும்பவும் குடிநீர்ப் பக்கம் சாய்ந்தது. மின்சாரம் இல்லாததால் அரைக்கும் மில்லுகள் முடங்க, மூலையில் கிடந்த உரல்கள் வேலைக்கு வந்தன. 1995 ஒக்டோபர் இறுதியில் வலிகாமம் முழுதும் வடமராட்சிக்கும் தென்மராட்சிக்கும் இடம்பெயர்ந்தபோது உரலைத் தூக்கிக்கொண்டு போக முடியவில்லை. திரும்பி வந்தவர்களில் பலருக்கு வீட்டின் கூரையே இருக்கவில்லை. குடாநாட்டைத் தெற்கோடு இணைக்கும் ஏ9 பாதை 2002 ஏப்ரலில் திறந்து, 2006 ஓகஸ்டில் மறுபடி மூடப்பட்டு, போர் முடிந்த 2009இல் மீண்டும் திறந்தது. ஒவ்வொரு திறப்பிலும் மூடலிலும் கோப்பிக்கொட்டையின் விலை பாதையோடு சேர்ந்து ஏறி இறங்கியது.

இன்று உரலில் இடிக்கும் வீடுகள் அருமை. வறுப்பது வீட்டில், அரைப்பது மில்லில் என்பது இடைக்கால ஏற்பாடாக வந்து நிலைத்துவிட்டது. மிளகாய்த்தூள் அரைத்த இயந்திரத்திலேயே கோப்பியையும் கொடுத்தால் உறைப்பு ஏறிவிடும் என்பதால், மில்லுக்கு விடியற்காலையில் முதல் ஆளாகப் போகிறவர்கள் உண்டு. மில்தூள் உரல்தூளைவிட மென்மையானது, சீக்கிரம் சாயம் இறங்கும், மணமும் சீக்கிரம் போய்விடும். உரலில் இடித்ததில் அரைகுறையாக நைந்து நிற்கும் மல்லித்தோல் கொதிநீரில் மெல்லமெல்ல மணம் விடுவது மில்தூளில் இல்லை.

1983க்குப் பின் புலம்பெயர்ந்தவர்களோடு தூளும் போயிற்று. முதலில் ஊரிலிருந்து தாய்மார் இடித்துப் பொதிசெய்து அனுப்பிய பார்சல்களில் வறுத்த மிளகாய்த்தூள், ஒடியல் மா, பனங்கட்டி ஆகியவற்றோடு கோப்பித்தூளும் இருந்தது. பின்னர் ரொறன்ரோவின் ஸ்காபரோவிலும் லண்டனிலும் பாரிசின் லாச்சப்பலிலும் தமிழ்க்கடைத் தட்டுகளில் யாழ்ப்பாணக் கோப்பி, மல்லிக் கோப்பி என்ற பெயர்களில் பொதிகள் வந்தன. யாழ்ப்பாணத்திலும் பெண்கள் குழுக்களும் சிறு உற்பத்தியாளரும் வறுத்து அரைத்துப் பொதிசெய்து விற்கிறார்கள். பால்மா கிடைக்காமலும் விலை எகிறியும் நாடு திண்டாடிய 2022இல் பாலில்லாத இந்தக் கோப்பி பல வீடுகளில் தேத்தண்ணியோடு சரிக்குச் சரி நின்றது. பொதிக்குப் பொதி கூட்டு மாறுகிறது. சிலவற்றில் வேர்க்கொம்பு முந்துகிறது, சிலவற்றில் ஏலக்காய். வெளிநாட்டுக் கடைகளுக்குப் போகும் பொதிகளில் சேர்மானங்களை அளவின் வரிசைப்படி அச்சிட வேண்டும் என்ற சட்டம் இருப்பதால், கொட்டை முதலிலா மல்லி முதலிலா என்பதை வாங்குகிறவர் இப்போது பொதியைத் திருப்பிப் பார்த்தே தெரிந்துகொள்ளலாம்.